நாலாம் எதிர்மனுதாரர்

எனக்கு அந்த வங்கியில் பணிமூப்பு கிடையாது, பதவி உயர்வு கிடையாது, மாதச் சம்பளமும் கிடையாது. நகையடகு வைக்க வருகிறவர்களின் சங்கிலியையும் வளையலையும் கல்லில் உரசிப் பார்த்துத் தரம் சொல்கிற பத்தர் வேலை. உரசினால் கூலி, உரசாவிட்டால் வீட்டுக்குப் போகலாம். ஆனால் வேப்பம்பரப்பு கூட்டுறவு வங்கியில் இருபத்துமூன்று வருஷமாக யார் எப்போது தும்மினார்கள் என்பதுகூட எனக்குத் தெரியும். அதனால்தான் அந்த வழக்கில் மனுதாரரும் என்னைச் சாட்சிக்குக் கூப்பிட்டார், எதிர்மனுதாரரும் கூப்பிட்டார். இரண்டு பேரும் ஒரே வீட்டில் ஒரே அடுப்பில் பொங்கித் தின்கிறவர்கள் என்பதுதான் கூத்து.

மனுதாரர் சம்பூரணம்மா. எதிர்மனுதாரர் அவருடைய வீட்டுக்காரர் சென்னியப்பன். இரண்டு பேரும் எங்கள் வங்கியில் எழுத்தர்கள். அந்தம்மா பயிர்க்கடன் பார்க்கும், அவர் உரக் கிடங்கு பார்ப்பார். எதிரெதிர் மேசை. என் தராசும் உரைகல்லும் நடுவில்.

மாசி மாதம், ஊரெல்லாம் மஞ்சள் வேகவைக்கிற வாசம். உதவிச் செயலாளர் ஓய்வு பெற்றுப் போய், அந்த நாற்காலி காலியாகக் கிடந்தது. நிர்வாகக் குழு கூடி ஒரு மணி நேரம் பேசிவிட்டு வெளியே வந்தது. தலைவர் அப்பாவு வாயெல்லாம் பல்லாக வந்து, சென்னியப்பன் தோளில் கை போட்டார்.

"சென்னியப்பா, இனி நீதான்யா உதவிச் செயலாளரு. அம்மிணி, நாளைக்கு இனிப்பா ஒப்புட்டு சுட்டுக் கொண்டாந்துருங்க."

சம்பூரணம்மா எழுதிக்கொண்டிருந்த சிட்டையை மூடினார்.

"ஏனுங் தலைவரே, அவருக்கு மூத்தவ நானுங்களே?"

"அட, ஒரே வூடு அம்மிணி. யாருக்குக் குடுத்தா என்ன? ஒப்புட்டு யாரு கைல இருந்தாலும் ரெண்டு பேரும்தான திங்கப் போறீங்க?"

"யாருக்குக் குடுத்தாலும் ஒண்ணுதான்னா, எனக்கே குடுத்திருக்கலாமுங்களே?"

அப்பாவு துணைவிதிப் புத்தகத்தை எடுத்துவரச் சொன்னார். எங்கள் வங்கி விதி இதுதான்: முன்னால் வேலைக்குச் சேர்ந்தவர் மூத்தவர். ஒரே நாளில் சேர்ந்திருந்தால், முற்பகலில் சேர்ந்தவர் மூத்தவர். அதுவும் ஒன்றாக இருந்தால் வயதில் மூத்தவர். இவர்கள் இரண்டு பேரும் ஒரே நாளில் சேர்ந்தவர்கள். இரண்டு பணியேற்புக் கடிதத்திலும் முற்பகல் என்றே எழுதியிருந்தது. சென்னியப்பன் எட்டு மாதம் பெரியவர். ஆக, எழுத்துப்படி தலைவர் சொன்னதுதான் சரி.

நடந்தது என்னவோ வேறு. அதை நேரில் பார்த்தவர்களில் உயிரோடு இருப்பது மூன்றே பேர்: அந்தம்மா, அவர், நான்.

இருபத்தோரு வருஷத்துக்கு முன்னால் ஒரு ஆனி மாதம். காலை ஒன்பதரைக்கே சென்னியப்பன் வந்துவிட்டார். மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை, கையில் நியமன உத்தரவு. வாசலில் உர லாரி நிற்கிறது. சுமை தூக்குகிற ஆட்கள் பக்கத்து ஊர்க் கோயில் நோம்பிக்குக் கிடா வெட்டுத் தின்னப் போய்விட்டார்கள். லாரிக்காரன் திரும்பிப் போய்விடுவேன் என்று உறுமுகிறான். பழைய செயலாளர் மாரண்ணன், புண்ணியவான், தலையில் கை வைத்துக்கொண்டு நின்றவர் இவரைப் பார்த்தார். "தம்பி, சித்த ரெண்டு மூட்டை புடிச்சு வுடு, அப்பறம் கையெழுத்துப் போட்டுக்கலாம்" என்றார். நம் ஆள் சட்டையைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டு இறங்கிவிட்டார். ரெண்டு மூட்டையா! நூற்றிப்பத்து மூட்டை!

பத்தேகாலுக்கு ஒரு பெண் குடையும் சோற்றுப் போசியுமாக வந்தது. லாரியைச் சுற்றி வந்து, தலையில் மூட்டையோடு நின்றவரிடம், "ஏனுங், செயலாளரு எங்கீங் இருக்கறாரு?" என்று கேட்டது. சுமைக்காரர் என்று நினைத்துவிட்டது. இவரும் மூட்டையோடு தலையை ஆட்டி வழி காட்டினார். அந்தப் பெண் உள்ளே போய்ப் பத்தரைக்குள் கையெழுத்துப் போட்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டது. அதுதான் சம்பூரணம்மா.

இவர் மூட்டை எல்லாம் இறக்கி, குழாயடியில் குளித்து, சோறு தின்று, வெள்ளைச் சட்டையை மாட்டிக்கொண்டு உள்ளே வரும்போது மணி இரண்டு. பேனா இல்லை. அந்தப் பெண் தன் பேனாவைக் கொடுத்து, வருகைப் புத்தகத்தைத் திருப்பி வைத்தது. "எம் பேருக்குக் கீழ போடுங்க" என்றது. மாரண்ணன்தான் பரிதாபப்பட்டு, "காலம்பற இருந்து மாடாட்டம் ஒழச்சிருக்கற, கடுதாசில முற்பகல்னே எழுதிக்க தம்பி" என்றார். வாங்கிய பேனாவை இவர் திருப்பிக் கொடுக்கவே இல்லை. அந்தப் பெண் தினமும் கேட்கும், இவர் தினமும் மறந்துவிட்டேன் என்பார். அந்தப் பேச்சு வளர்ந்து வளர்ந்து இரண்டு வருஷத்தில் கல்யாணத்தில் போய் நின்றது. வருகைப் புத்தகத்தைப் பிற்பாடு கரையான் தின்றுவிட்டது. மாரண்ணனும் போய்ச் சேர்ந்துவிட்டார்.

குழு முடிவு வந்த மறுநாள் சம்பூரணம்மா என்னிடம் சொன்னார்.

"பத்தரண்ணா, வூட்டுல அவரு எனக்குப் பெரியவருதானுங். அத நான் இல்லைன்னு சொல்லலீங். ஆனா பேங்குல மூப்பு வேறீங். செயலாளரு இன்னும் ரெண்டு வருசத்துல ஓய்வு. உதவிச் செயலாளரா இருக்கறவங்கதான் அடுத்து அந்தச் சேர்ல உக்காருவாங்க. இந்தப் பேங்குல ஒரு பொம்பள உக்காந்ததே இல்ல. இப்ப வுட்டனா, நான் எழுத்தராவே சேந்து எழுத்தராவே வூட்டுக்குப் போவேன்."

"அவருகிட்டச் சொன்னீங்களா?"

"சொன்னனுங். விதி அப்பிடின்னா நான் என்ன பண்றதுங்கறாரு. அந்த விதிலயே பாத்துக்கலாம்னு இருக்கறேன்."

வக்கீல் ரெஜினா ஈரோட்டில் கெட்டிக்காரி. கூட்டுறவு இணைப்பதிவாளரிடம் மனுப் போடலாம் என்று சொல்லிவிட்டு ஒரு குண்டையும் தூக்கிப் போட்டார். பதவி கிடைத்தவரை எதிர்மனுதாரராகச் சேர்க்காவிட்டால் மனு நிற்காதாம். "அவரு எங்கூட்டுக்காரருங்களே" என்றாராம் சம்பூரணம்மா. "சட்டத்துல வீட்டுக்காரருக்குன்னு தனி விலக்கு இல்லீங்களே" என்றாராம் வக்கீல்.

நோட்டீசு வந்த சனிக்கிழமை நான் அவர்கள் வீட்டில்தான் இருந்தேன். அந்தம்மாவின் தோட்டுத் திருகு லூசாகிவிட்டது என்று சரிசெய்யப் போயிருந்தேன். சென்னியப்பன் வாசலில் உட்கார்ந்து நாட்டுக்கோழி அரிந்துகொண்டிருந்தார். அவர் கோழி வறுத்தால் தெருவே மூக்கைத் தூக்கும். தபால்காரர் பதிவுத் தபாலை நீட்ட, கையைத் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டு வாங்கிப் பிரித்தார். முதல் பக்கத்தைப் படித்தார்.

"சம்பூரணா! எம்மேல கேசு போட்டிருக்கறயா?"

"ஆமாங். நேத்தே சொல்லோணும்னு இருந்தனுங். நீங்க கோழி புடிக்கப் போயிட்டீங்க."

"நாலாம் எதிர்மனுதாரருன்னு போட்டிருக்குது. அதென்ன நாலாமாளு?"

"மொதலாளு துணைப்பதிவாளருங். ரெண்டாவது பேங்கு. மூணாவது தலைவரு. நீங்க நாலாவதுங்."

"இதுலயும் நாந்தான் கடைசியா!"

இதற்குத்தான் அவருக்கு அதிகம் கோபம் வந்தது. இரண்டாம் பக்கத்தைத் திருப்பவே இல்லை. காகிதக் கட்டை அப்படியே சுருட்டி மேலே அட்டாலியில் பழைய பாத்திரங்களோடு எறிந்துவிட்டு வந்து கோழியை வறுத்தார். கோபத்தில் மிளகாய் இரண்டு பிடி கூடிப் போனது. மூன்று பேரும் மூக்கில் நீர் ஒழுக ஒழுகத் தின்றோம். அப்போதும் ஈரல் துண்டை எடுத்து அந்தம்மா தட்டில்தான் வைத்தார். அட, இந்த மனுஷனை என்ன சொல்வது!

அப்புறம் ஊருக்குக் கேட்கவா வேண்டும்? உரம் வாங்க வரிசையில் நிற்கிறவர்களுக்கு வேறு பொழுதுபோக்கே வேண்டியிருக்கவில்லை.

"ஏனுங் சென்னியண்ணா, மனுதாரரு இன்னைக்குச் சோறு போட்டாங்களா?"

"வாய்தா வாங்கித்தான் சாப்புட்டனுங்" என்பார் இவர்.

"ராத்திரிக்கு?"

"அது மேல்முறையீட்டுல இருக்குதுங்."

வரிசையே சிரிக்கும். சம்பூரணம்மா தலையைக் குனிந்து அடங்கல் சீட்டைப் பார்ப்பதுபோல் சிரிப்பை அடக்குவார். ஆனால் சிரிப்புக்கு அடியில் சென்னியப்பனுக்கு ஒரு முள் இருந்தது. ஒருநாள் சாப்பாட்டு வேளையில், அந்தம்மா கைகழுவப் போன சமயம் பார்த்து என்னிடம் கொட்டிவிட்டார்.

"பதவி கெடக்குதுங் பத்தரண்ணா. நூத்திப்பத்து மூட்டை. தோளு ஒரு வாரம் வீங்கிக் கெடந்துச்சு. எங்கியாச்சும் ஒரு எழுத்து எழுதியிருக்குதா? அன்னைக்கு ஒம்போதரைக்கு வந்தவன் நான். இப்ப நான் மத்தியானந்தான் வந்தேன்னு ஒருத்தரு எழுதுனா, என்ற காலம்பற எங்கீங் போச்சு?"

"நீங்க வந்தத நான் பாத்தனுங்களே."

"அதத்தான் நீங்க வந்து சொல்லோணும்."

அன்று சாயங்காலமே அந்தம்மாவும் பிடித்துக்கொண்டார். "அவரு ரெண்டு மணிக்குக் கையெழுத்துப் போட்டத நீங்க பாத்தீங்கல்ல? வந்து சொல்லோணும் பத்தரண்ணா." இரண்டும் நிஜம். உள்ளதைச் சொன்னால் இரண்டு பேருக்கும் நான் சாட்சி. தங்கத்தில் செம்பு எவ்வளவு என்று கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். இதற்கு என்ன சொல்ல? மூன்று நாள் எனக்குத் தூக்கம் சரியில்லை.

விசாரணை ஆடி மாதம் வந்தது. காற்று ஆளைத் தள்ளுகிறது. ஈரோட்டுப் பேருந்தில் மூவர் இருக்கை. சன்னலோரம் மனுதாரர், இந்த ஓரம் எதிர்மனுதாரர், நடுவில் சாட்சி. சாட்சி மடியில் அரிசிம்பருப்புச் சோறு நிறைந்த தூக்குப்போசி. விசாரணை அன்றைக்கு இரு தரப்பும் பேசிக்கொள்ளக் கூடாது என்று சென்னியப்பனாகவே ஒரு சட்டம் போட்டிருந்தார்.

"பத்தரண்ணா, அவரு காலைல மாத்தரை போட்டாரான்னு கேளுங்."

"போட்டாச்சுன்னு சொல்லுங் பத்தரண்ணா."

"எத்தன மணிக்குன்னு கேளுங்."

"முற்பகல்னு சொல்லுங்."

நடத்துநர் சீட்டுக் கிழிப்பதை நிறுத்திவிட்டு எங்களை ஒரு பார்வை பார்த்தார்.

இணைப்பதிவாளர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு படிக்கிற மனிதர். சன்னல் வழியே காற்று வந்து கட்டுகளைப் புரட்ட, ஒவ்வொன்றின் மேலும் ஒரு கல்லை வைத்துக்கொண்டே வந்தார். ஒரு பக்கம் வக்கீல் ரெஜினா, மறுபக்கம் வங்கி வக்கீலும் எங்கள் தலைவரும்.

"மனுதாரர் விலாசமும் நாலாம் எதிர்மனுதாரர் விலாசமும் ஒண்ணா இருக்கே? தட்டச்சுப் பிழையா?"

"இல்லைங்கய்யா. வீடே ஒண்ணுதான்" என்றார் ரெஜினா.

அவர் கண்ணாடியை இறக்கி இரண்டு பேரையும் பார்த்தார். மறுபடி ஏற்றிக்கொண்டு மனுவை வாய்விட்டுப் படிக்கத் தொடங்கினார். ஆறாவது பத்தியில் குரல் சற்று மெதுவானது.

"நாலாம் எதிர்மனுதாரர் அன்று காலை ஒன்பதரை மணிக்கே, மனுதாரர் வருவதற்கு முன்பாகவே, வங்கிக்கு வந்துவிட்டார். சுமைதூக்குவோர் வராததால் செயலாளர் கேட்டுக்கொண்டபடி நூற்றிப்பத்து மூட்டை உரத்தைத் தன் தோளில் சுமந்து இறக்கினார். அவர் அன்று இறக்கியிராவிட்டால் உழவர்களுக்கு அந்தப் பருவத்தில் உரம் கிடைத்திராது. அவருடைய உழைப்பை மனுதாரர் மறுக்கவில்லை. கையெழுத்திட்ட நேரத்தைப் பற்றியதே இம்மனு."

சென்னியப்பன் மெல்ல ரெஜினா பக்கம் சாய்ந்தார்.

"இத யாருங் எழுதுனது?"

"நான் வேண்டாம்னுதான் சொன்னேன். எதிர்த்தரப்புக்குப் பலமாயிரும்னேன். உங்க வீட்டம்மா இது இல்லாம கையெழுத்தே போட மாட்டேன்னுட்டாங்க. நோட்டீசோட நகல் வந்துச்சே, நீங்க படிக்கலையா?"

அவர் எங்கே படித்தார்! அது அட்டாலியில் ஓட்டைக் குண்டானுக்குள் கிடக்கிறது. அந்த மனுஷனுக்குக் கண் கலங்கிவிட்டது. சம்பூரணம்மா சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஆவணத்துல முற்பகல்னு தெளிவா இருக்குங்கய்யா, வேற சாட்சியமே தேவையில்லை" என்று வங்கி வக்கீல் எழுந்தார். அவர் முடிப்பதற்குள் சென்னியப்பன் எழுந்துவிட்டார்.

"ஐயா, நான் கையெழுத்துப் போட்டது சோறு தின்னதுக்கு அப்பறங்க. மணி ரெண்டு. முற்பகல்னு எழுதச் சொன்னது செயலாளரு, எழுதுனது நானு. பேனா அந்தம்மா பேனாங்க."

அப்பாவு பின்னாலிருந்து சட்டையைப் பிடித்து இழுத்தார். "யோவ், உக்காருய்யா!"

"இப்படிச் சொன்னா உங்க பதவி போயிரும். தெரிஞ்சுதான் சொல்றீங்களா?" என்றார் இணைப்பதிவாளர்.

"தெரியுமுங்க. இருவத்தோரு வருசமா என்ற காலம்பற எந்தப் புஸ்தகத்துலயும் இல்லாமக் கெடந்துச்சுங்க. இன்னைக்கு எழுத்துல வந்துருச்சு. அத எழுதுனவங்க பங்கு எப்பிடிங்க நான் வச்சுக்கறது?"

இணைப்பதிவாளர் என்னைப் பார்த்தார். "நீங்கதானே சாட்சி? என்ன சொல்றீங்க?"

மூன்று நாள் தூக்கம் கெட்டு யோசித்து வைத்ததெல்லாம் பறந்துவிட்டது. "எல்லாம் நெசமுங்க. ஒண்ணே ஒண்ணுதான் தப்புங்க. மூட்டை நூத்திப்பதினொண்ணு. ஒண்ணு கிழிஞ்சு போச்சுன்னு யாரும் சேத்துக்கல."

"அதையும் எழுதிக்கங்க" என்றார் அவர், எழுதுகிற பெண்ணிடம்.

பேருந்து நிலையத்தில் ஒரு வேப்பமர நிழலில் தூக்குப்போசியைத் திறந்தோம். அரிசிம்பருப்புச் சோற்றின் நடுவில் குழி பறித்து நெய் ஊற்றியிருந்தது.

"பதவிய வுட்டுட்டீங்களே, வருத்தமில்லீங்களா?" என்றார் சம்பூரணம்மா. இப்போது நேராகவே கேட்டார்.

"இருக்குதுதான். இல்லாம இருக்குமா? நீ ஆறாவது பத்திய மொதப் பக்கத்துல போட்டிருந்தீன்னா ஈரோடு வரைக்கும் வர வேண்டிய வேலையே இல்ல."

"நீங்க ரெண்டாம் பக்கத்தத் திருப்பியிருந்தீங்கன்னாலும் வர வேண்டிய வேலையில்லீங்."

நெய் ஊறிய பாகத்தை ஒருவர் பக்கம் ஒருவர் தள்ளிக்கொண்டே இருந்தார்கள். கடைசியில் அதை நான் தின்றேன். திரும்பும்போது அவர்கள் இருவர் இருக்கையில் போய் உட்கார்ந்துகொண்டார்கள். சாட்சி காலிப் போசியோடு ஓட்டுநருக்குப் பின்னால்.

ஆவணியில் உத்தரவு வந்தது. சம்பூரணமே மூத்தவர், உதவிச் செயலாளர் பதவி அவருக்கே என்று எழுதியிருந்தது. நாலாம் எதிர்மனுதாரர் அன்று காலை செய்த வேலை பாராட்டத்தக்கது என்றும் ஒரு வரி இருந்தது. சென்னியப்பன் அந்தப் பக்கத்தை மட்டும் நகலெடுத்துக் கண்ணாடி போட்டு உரக் கிடங்கில் மாட்டிவிட்டார்.

அந்தம்மா பதவி ஏற்ற அன்று வாய்க்காலில் தண்ணீர் விட்டு மூன்று நாள். ஊரே யூரியாவுக்கு வங்கி வாசலில் நின்றது. சென்னியப்பன் விடியற்காலையிலேயே எழுந்து ஒப்புட்டுச் சுட்டு எடுத்து வந்திருந்தார். அப்பாவு ரோஜா மாலையோடு வந்தார். "எனக்கு அன்னைக்கே தெரியும் அம்மிணி" என்றார். என்ன தெரியும் என்று யாரும் கேட்கவில்லை, வாயில் ஒப்புட்டு இருந்தது. மாலை, சிரிப்பு, வாழ்த்து என்று பொழுது ஓடிவிட்டது.

அந்த நேரம் பார்த்து உர லாரி வந்து நின்றது. சுமைக்காரர்கள் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார்கள். வாசலில் கூச்சல். சம்பூரணம்மா மாலையைக் கழற்றி வைத்துவிட்டு முந்தானையைச் செருகிக்கொண்டு எழுந்து ஓடினார். சென்னியப்பன் குறுக்கே வந்து கையை விரித்து நின்றார்.

"ஏனுங் உதவிச் செயலாளரே, எங்கீங் போறீங்க? மொதல்ல கையெழுத்து. மணி பதினொன்னு அம்பது. பன்னெண்டு தாண்டுச்சுன்னா நீங்களும் பிற்பகல்தான்!"

வரிசையில் நின்றவர்கள் எல்லாம் சன்னலில் வந்து கூடிவிட்டார்கள். அவர் பேனாவை நீட்ட, "எங்கிட்டயே இருக்குதுங்" என்று அந்தம்மா தன் பையிலிருந்து ஒன்றை எடுத்தது. உட்கார்ந்து பணியேற்புக் கடிதம் எழுதி, முற்பகல் என்பதைக் கொட்டை எழுத்தில் எழுதி, வருகைப் புத்தகத்திலும் புதிய பதவிக்கு நேரே கையெழுத்துப் போட்டது. சென்னியப்பன் அதை இரண்டு தடவை படித்தார். திருப்தியோடு சட்டையைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டு லாரியைப் பார்த்து நடந்தார். நாலு விவசாயிகளும் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு அவர் பின்னால் போனார்கள்.

"ஏனுங், சித்த நில்லுங்" என்றார் சம்பூரணம்மா, புத்தகத்தைப் பார்த்தபடி.

"என்ன?"

"இன்னைக்கு நீங்க கையெழுத்துப் போட்டீங்களா?"

ஒப்புட்டுத் தூக்கு, மாலை, மல்லிகைப்பூ என்று காலையிலிருந்து அலைந்தவர் எங்கே போட்டார்! லாரிப் படியில் ஒரு கால் வைத்தபடி அப்படியே நின்றார். சன்னல் முழுக்கச் சிரிப்பு. வெறும் உடம்போடு திரும்பி உள்ளே வந்தார். அந்தம்மா தன் பேனாவை நீட்டி, வருகைப் புத்தகத்தைத் திருப்பி வைத்தது.

"எம் பேருக்குக் கீழ போடுங்க."

போட்டார். பேனாவை இந்தத் தடவையும் திருப்பிக் கொடுக்கவில்லை.